இரண்டாவது அழுகை

நிலக்கோட்டையிலிருந்து திண்டுக்கல் போகும் பஸ்ஸில், பூக்கூடையை மடியில் வைத்திருந்தவள் பக்கத்திலிருந்தவளிடம் சொன்னாள்:

"என்னய ரெண்டு தடவ அழச் சொன்னாகக்கா."

"யாருடி?"

"மத்தியானம் டிவியில குடும்பப் பஞ்சாயத்து பேசுதே, அந்தப் பாட்டுக்காரம்மா. என் கல்யாணத்துல கச்சேரி பண்ணுன பிள்ளைதான். அந்த நம்பிக்கையிலதான் போனேன். ஓடிப்போன மகள வரச்சொல்லி அழுதேன். மொத அழுகை கேமராவுல சரியா விழலையாம்."

"மறுபடி அழுதியா?"

"வரலக்கா. உன் கல்யாணத்துல நான் என்ன பாட்டு பாடுனேன்னு அந்தம்மா கேட்டுச்சு. சொன்னேன். காதோரமா அதையே பாடுச்சு. அழுதுட்டேன்."

"மக வந்தாளா?"

"ஊரே பாக்க மானத்த வாங்கிட்டியேன்னு போன் போட்டா. நான் செத்தாலும் வரமாட்டாளாம்."

செம்பட்டிப் பிரிவு தாண்டியதும் பக்கத்திலிருந்தவள் கேட்டாள்:

"அந்தப் பாட்டுக்காரம்மா குரலு இன்னும் அப்படியேதான் இருக்கா?"

"அப்படியேதான்க்கா இருக்கு."