முதல் சுற்றிலேயே நன்றி

மாத்தே எங்கள் இலைத்தேநீர், அதற்குத் தண்ணீர் கொதிக்கக் கூடாது, டாக்டர். கெட்டில் விசில் அடிப்பதற்குச் சற்று முன்பே இறக்கிவிட வேண்டும். நீங்கள் வெனிசுவேலாக்காரர், காபி குடித்து வளர்ந்தவர். அதனால்தான் இதையெல்லாம் சொல்கிறேன். ஒரே குடுவை, ஒரே குழல், சுற்றி உட்கார்ந்திருக்கும் எல்லோருக்கும் அதிலேயே. ஊற்றுவது ஒருவர்தான். எங்கள் வீட்டில் பன்னிரண்டு வயதிலிருந்து நான்தான் ஊற்றுகிறேன்.

இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். குடித்து முடித்ததும் குடுவையைச் சும்மா நீட்டினால், அடுத்த சுற்று எனக்கும் உண்டு என்று பொருள். 'கிராசியாஸ்' என்று நன்றி சொல்லி நீட்டினால், போதும், இனி எனக்கு வேண்டாம் என்று பொருள். ரொசாரியோவில் நாலு வயதுக் குழந்தைக்கும் இது தெரியும்.

மேசையில் தட்டுகிறேனா? மன்னியுங்கள். டிரம்ஸ்காரன் கை சும்மா இருக்காது. இந்த ஒரு வருடமாக ரொம்பவே மோசம். சாப்பிடும்போதும் தட்டுகிறேன், தூக்கத்திலும் தட்டுகிறேனாம்.

அப்பாவுக்கு பஞ்சர் கடை. அதன் பின்கட்டில்தான் நாங்கள் வாசிக்க ஆரம்பித்தோம். அதனால் குழுவுக்குப் பெயரும் 'பஞ்சர்'தான். பத்தொன்பது வருடம் ஆகிறது. தங்கை மிர்னா பாடுவாள், தம்பி ஃபாப்ரிசியோ கிதார் வாசிப்பான், நான் டிரம்ஸ். எந்தக் கம்பெனிக்கும் கைகட்டி நின்றதில்லை. பாட்டை நாங்களே பதிவுசெய்து, நாங்களே வேனில் ஏற்றி, நாங்களே விற்றோம். ஒரே ஒரு சட்டம்: அவரவர் வேலையில் அடுத்தவர் கை வைக்கக் கூடாது. பாட்டு எழுதுவதும் வேன் ஓட்டுவதும் ஃபாப்ரிசியோ. சத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் ஒலிப்பெட்டி என் பொறுப்பு. என் ஸ்டூலுக்குப் பக்கத்திலேயே இருக்கும். அதன் திருகுகளை மிர்னா தொட்டதே கிடையாது.

போன மார்ச்சில் பரானா நகரில் வாசித்தோம். புவனோஸ் ஐரஸிலிருந்து ஒரு தயாரிப்பாளர் வந்திருந்தார். அவருக்கு மிர்னா வேண்டும், மிர்னா மட்டும். அவள் எதையும் மறைக்கிறவள் இல்லை. திரும்பும் வழியிலேயே சொல்லிவிட்டாள்.

"போடி, போய்ப் பெரிய ஆளாயிடு. எங்களுக்கு ஒரு ஃப்ரிட்ஜ் வாங்கி அனுப்பு," என்றான் ஃபாப்ரிசியோ.

"உனக்கு எதுக்குடா ஃப்ரிட்ஜ்? உள்ள வைக்க உன்கிட்ட என்ன இருக்கு?"

சிரித்தார்கள். நான் ஒன்றும் சொல்லவில்லை. நல்லவன் அப்படித்தானே இருப்பான்.

அடுத்த செவ்வாய்க்கிழமை ஒத்திகை. வழக்கம்போல ஊற்றினேன். மிர்னா ஆறு ஏழு சுற்று குடிப்பவள். அன்று முதல் சுற்றிலேயே குடுவையை நீட்டி, என் தோளில் கை வைத்து, "கிராசியாஸ், குண்டா," என்றாள். நான் குண்டனில்லை, சின்ன வயதுப் பெயர், ஒட்டிக்கொண்டது. போகிறேன் என்பதை எங்கள் வீட்டில் இதைவிடத் தெளிவாக யாரும் சொல்ல முடியாது.

அன்று அவள் காலடி ஸ்பீக்கரை ஒரு கோடு ஏற்றினேன். பாடுகிறவருக்குத் தன் குரல் கேட்பதற்காக வைக்கும் பெட்டி அது. ஒரு கோடு, அவ்வளவுதான். அடுத்த வாரம் இன்னும் கொஞ்சம். காது மந்தமாகிப்போனால் புது ஆட்களோடு பாட முடியாது. என்னோடு பாடலாம். என் கையைப் பார்த்தால் போதும், எங்கே தொடங்குவது என்று தெரிந்துவிடும். யோசித்துப் பாருங்கள், இதில் நியாயமில்லாமல் இல்லை.

"குண்டா, இன்னைக்குச் சத்தம் கொஞ்சம் தூக்கலா இருக்கோ?" என்று ஒருமுறை கேட்டாள்.

"இல்லையே. நீ சரியாத் தூங்கல."

நம்பினாள். நான் காதில் பஞ்சடைப்பான் வைத்துக்கொண்டேன். ஃபாப்ரிசியோவுக்கும் ஒரு ஜோடி வாங்கிக் கொடுத்தேன். மிர்னாவுக்குக் கொடுக்கவில்லை. பாடகி காதை அடைத்தால் சுருதி போய்விடும் என்றேன். அதுவும் பொய்யில்லை.

ஆகஸ்டில் ஒருநாள் பாட்டின் நடுவில் நிறுத்தினாள்.

"யாருடா கெட்டிலை அடுப்புல வச்சது? விசில் அடிச்சுக்கிட்டே இருக்கு, போய் இறக்குங்கடா."

அடுப்பில் ஒன்றுமில்லை. ஃபாப்ரிசியோ என்னைப் பார்த்தான். நான் எழுந்துபோய், எரியாத அடுப்பை அணைத்துவிட்டு வந்தேன். "இப்பச் சரியா?" என்று கேட்டேன். "இன்னும் அடிக்குதே," என்றாள். பயந்துவிட்டாள், பாவம். அன்று அவளுக்காக நிஜமாகவே வருந்தினேன்.

நிறுத்தியிருக்கலாமே என்பீர்கள். அக்டோபரில் வேனில் போகும்போது ஃபாப்ரிசியோ பேச்சுவாக்கில் சொன்னான்:

"அவ அந்தச் செவ்வாக்கிழமையே அந்தத் தயாரிப்பாளருக்கு ஃபோன் போட்டு வேண்டாம்னுட்டாளே. உனக்குத் தெரியாதா? 'போ'ன்னும் சொல்லாம, 'போகாத'ன்னும் சொல்லாம விட்டியாம், அதுக்கு உனக்கு நன்றி வேற சொன்னாளாம். அன்னைக்கு வயித்து வலியோட வந்து பாடினாடா."

சாலையைப் பார்த்துக்கொண்டு வந்தேன். முழங்காலில் விரல் தட்டிக்கொண்டே இருந்தது. அதற்குப் பிறகும் நான்கு மாதம் ஏற்றினேன். குறைத்தால் அவளுக்கு அவள் குரலே கேட்காதே, டாக்டர். தவிர, மாத்தே ஊற்றுபவனிடம் யாரும் வேறெதற்காகவும் அந்தச் சொல்லைச் சொல்ல மாட்டார்கள். சொல்லிவிட்டாள் என்றால் மனதில் எங்கோ இருந்திருக்க வேண்டும். ஒருமுறை வேண்டாம் என்றவள் மறுமுறையும் அப்படியே சொல்வாள் என்று யார் உத்தரவாதம் தருவது?

இன்று நீங்கள் மிர்னாவின் காது எவ்வளவு கேட்கிறது என்ற வரைபடத்தைக் காட்டினீர்கள். முப்பத்தாறு வயதுக்கு இது வரக் கூடாது, பரம்பரையும் இல்லை, மேடையில் சத்தம் எவ்வளவு வைப்பீர்கள் என்று கேட்டீர்கள். "அதை அண்ணன்கிட்ட கேளுங்க, சத்தமெல்லாம் அவன் பொறுப்பு," என்று சொல்லிவிட்டு வெளியே போய் உட்கார்ந்திருக்கிறாள். அவள் சொன்னது சரிதான். நான்தான் ஏற்றினேன். பதினோரு மாதம், வாரம் இரண்டு முறை, என்ன செய்கிறேன் என்று தெரிந்தே செய்தேன். எழுதிக்கொள்ளுங்கள்.

காதுக்குக் கருவி பொருத்தலாம் என்கிறீர்கள். பொருத்துங்கள். அதில் ஓசையைக் கூட்டிக் குறைக்கத் திருகு ஏதும் இருக்குமா? இருந்தால் எனக்குச் சொல்லிக்கொடுங்கள். அவளுக்கு இதெல்லாம் பழக்கமில்லை.

அவள் எங்களை விட்டுப் போகத்தான் இருந்தாள் என்று நான் சொல்வதை நீங்கள் நம்பவில்லை என்று முகத்திலேயே தெரிகிறது. பரவாயில்லை. இன்று காலை நடந்ததைக் கேளுங்கள். கிளம்புவதற்கு முன் மூவரும் உட்கார்ந்தோம். நான் ஊற்றினேன். முதல் சுற்று முடிந்ததும், "போதுமா, மிர்னா?" என்று கேட்டேன். அவள் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள், திரும்பவில்லை. மறுபடி ஊற்றிக் கையில் கொடுத்தேன், குடித்தாள். ஒவ்வொரு சுற்றிலும் கேட்டேன், ஒவ்வொரு சுற்றிலும் குடித்தாள். ஏழு சுற்று, டாக்டர். அந்தச் சொல்லை அவள் ஒருமுறைகூடச் சொல்லவில்லை.