திரும்பி வந்த லுங்கி

கல்யாணத்துக்குப் போன லாரி கவிழ்ந்து, குடியாத்தத்தில் ஒரே நெசவாளர் தெருவில் ஏழு பேர் செத்து ஒரு மாதம் ஆகியிருந்தது. ஆம்பூர் பஸ்ஸில் என் முன் சீட்டில் இரண்டு பெண்கள் பேசிக்கொண்டு வந்தார்கள்.

"இந்த லுங்கிய மொதலாளி திருப்பிக் குடுத்துட்டாரு. நல்லதாப் போச்சு."

"இன்னாக்கா சொல்ற? இன்னா குறையாம்?"

"நெசவு ஒரே மாதிரி இல்லியாம். எப்படி இருக்கும்? எங்க வூட்டுக்காரரு பாதி நெய்ஞ்சு வெச்சிட்டுத்தான் அந்த லாரியில ஏறினாரு. மீதிய தெருவுல ஆளுக்கு ஒரு சாண் நெய்ஞ்சு முடிச்சாங்க. ஏழு வூட்டுத் தறியிலயும் அப்படித்தான். ஒரு தறியக்கூட நிக்க விடல."

லுங்கியை மடியில் விரித்து, விரலால் தடவிக்கொண்டே போனவள் ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"இதோ, இது வரிக்கும் அவரு கை. இதுக்கு மேல எங்க தெரு."