சிவப்பி நாலு மணிக்குப் போற ஊரு

சாயங்காலம் நாலு மணி. ராத்திரி இல்லீங்க, நல்லாக் கேட்டுக்கோங்க. பட்டப்பகல் நாலு மணி. ஆனா நம்ம மலையில ஐப்பசி மாசத்து நாலு மணி எப்பிடி இருக்கும்னு உங்களுக்குச் சொல்லோணுமா? மஞ்சு எறங்கிருச்சுன்னா நீட்டுன கை தெரியாது. தேவர்சோலைக்கு அந்தாண்ட, காலனி முடிஞ்சு காடு ஆரம்பிக்கற எடத்துல ஒரு பழைய ஜீப்பு ரோடு போகுது. இப்ப ஜீப்பும் போறதில்ல, ஆளும் போறதில்ல. ரெண்டு பக்கமும் உண்ணிச்செடி மூடிக் கெடக்குது. அந்த ரோட்டுல சசிரேகா தனியா நடந்தா... முன்னால மாட்டு மணி. கொளுக்... கொளுக்... பின்னால இவ.

சசிரேகா வேற யாருமில்ல. நம்ம கூட கொழுந்து எடுக்கற புஷ்பவல்லி இருக்காளே, அவளோட நாத்தனா. அந்தக் கதவச் சாத்திட்டு இப்பிடி நெருங்கி ஒக்காருங்க, காத்து உள்ள வருது.

அவ ஊடு மொதல்ல அந்தக் காட்டுக்குள்ளதான் இருந்துச்சு. கைதவயல்னு பேரு. ரெண்டு மேட்டுக்கு நடுவுல நீளமா ஒரு சதுப்பு வயலு, வயலோரமா வரிசையா ஆறு ஊடு, ஊரே அவ்வளவுதான். நட்டா எல்லா ஊடும் ஒண்ணா நடும், அறுத்தா ஒண்ணா அறுக்கும். ஆனை வந்தா எல்லா ஊட்டுலயும் தகரத்தைத் தட்டுவாங்க. அந்த ஊர்ல யாரையும் பேரு சொல்லிக் கூப்புடற வழக்கம் கெடையாது. அத்தை, மச்சான், அக்கா, சின்னப் பொண்ணுன்னா அம்மிணின்னு மொறை வெச்சுத்தான். அப்பறம் புலிக்காடுன்னு ஆயிப்போய், எல்லாரையும் வெளிய கொண்டாந்து இந்தக் காலனியில எடம் குடுத்து வெச்சாங்க. ஊட்டையெல்லாம் பிரிச்சாச்சு. வெறும் தரைதான் மிச்சம். அதாச்சு, நாலு வருசம்.

அவ மாடு சிவப்பி அப்ப சின்னக் கன்னு. ஜீப்புக்குப் பின்னால நடத்தியே கூட்டியாந்தாங்க. போன ஐப்பசியில அதுக்குத் தலையீத்து, மொதப் பேறு. கெடேரிக் கன்னு போட்டுச்சு, நெத்தியில வெள்ளைச் சுட்டியோட. சசிரேகாவுக்குத் தலைகால் புரியல. சீம்பாலைக் காய்ச்சி ஏலக்காய் தட்டிப் போட்டு, பக்கத்தூட்டு ஜெஸிந்தா சேச்சிக்கு ஒரு போசி நெறையக் கொண்டு போய்க் குடுத்தா.

ஒரு வாரம் ஒண்ணுமில்ல. அப்பறம்தான் ஆரம்பிச்சுது.

மத்தியானம் காட்டோரம் மேய விடற மாடு, பொழுதோட வந்துரும். வந்துச்சு. ஆனா மடி காலி. துணிப்பை மாதிரி தொங்குது. கன்னு முட்டி முட்டிப் பாத்துட்டு "ம்மே"ங்குது. விடிஞ்சும் பாலு ஊறல. மறுநாளும் அதே. அதுக்கு மறுநாளும்.

"சாரைப்பாம்பு குடிக்குது மோளே," அப்பிடின்னா ஜெஸிந்தா. "எங்க அம்மச்சி பாத்திருக்கு. பின்னங்காலைச் சுத்திக்கிட்டுக் குடிக்குமாம்."

"பாம்பு எண்ணெய் தடவிட்டு வந்தா குடிக்குது, சேச்சி?" ன்னு சசிரேகா காம்பைத் தொட்டு வெரலை நீட்டுனா. ஜெஸிந்தா மோந்து பாத்தா. தேங்கெண்ணெய். பாலு கறக்கறவங்க வெரல்ல தொட்டுக்குவாங்கல்ல... அதேதான்.

சந்துரு, அவ ஊட்டுக்காரன், டீ பேக்டரியில வேலை. அவன் சிரிச்சான். "நீ மாட்டை மேய்க்கறியா, மாடு உன்னை மேய்க்குதா? எவனோ காட்டுக்குள்ள நொழைஞ்சு கறந்துட்டுப் போறான். கட்டிப் போடு."

கட்டிப் போட்டா. நாலு மணி ஆனதும் சிவப்பி கத்துச்சு பாருங்க... தொண்டை கிழியற மாதிரி. கட்டுத்தறியை இழுத்து இழுத்துக் கழுத்தெல்லாம் ரத்தம். மடி கல்லு மாதிரி வீங்கியிருக்குது, ஆனா கன்னு வாய் வெச்சா ஒரு சொட்டு எறங்கல. ஜெஸிந்தா ஊட்டுப் பாலைப் பாட்டில்ல ஊத்திக் குடுத்தா, கன்னு துப்பிருச்சு. வெலா எலும்பு தெரிய ஆரம்பிச்சுது. நிக்கறப்பவே பின்னங்காலு மடங்குது. மாட்டு டாக்டரு வந்து பாத்துட்டு, "தாய்ப்பாலு எறங்கலைன்னா நாளன்னிக்குத் தாண்டாதும்மா"ன்னுட்டுப் போய்ட்டாரு.

அந்த ராத்திரி பூராவும் அவ ஒக்காரல. ஊட்டுக்கும் கட்டுத்தறிக்கும் நடந்துட்டே இருந்தா. மறுநாள் மத்தியானம் கயித்தை அவுத்து விட்டா. சந்துருகிட்டச் சொல்லல. ஒரு கம்பு மட்டும் எடுத்துக்கிட்டு மணிச் சத்தத்துக்குப் பின்னாலயே போனா.

அதான் நான் சொன்ன நாலு மணி.

போற வழியில ஆனை வாசம். புளிச்ச வைக்கோலு மாதிரி அடிக்குமே, அது. போனைப் பாத்தா டவர் இல்ல. திரும்பிரலாமான்னு நெனைக்கறா... கன்னோட காலு மடங்குனது கண்ணு முன்னால வருது. நடக்கறா. மணி நிக்கல. மேயறதுக்குக்கூட நிக்கல. பள்ளிக்கோடம் விட்ட கொழந்தை ஊட்டுக்கு ஓடற மாதிரி வெசையாப் போகுது.

கைதவயல் வந்துருச்சு. வயலு பூராக் கோரைப்புல்லு. ஊடுக நின்ன எடமெல்லாம் உண்ணிச்செடி, செந்தட்டி... ஒண்ணு தவிர.

அவ ஊடு.

அவ ஊட்டுத் தரையில ஒரு புல்லு இல்ல. சாணி போட்டு மொழுகியிருக்குது. ஈரம் காயல. கை வளைவு வளைவாத் தெரியுது... குட்டி குட்டி வளைவு. சிவப்பி வாசல்ல போய் நின்னுச்சு. பின்னங்காலை அகட்டி வெச்சுச்சு. கண்ணை அரைவாசி மூடி அசை போடுது.

அப்பறம் சத்தம் வந்துச்சு.

ஸ்ர்ர்ர்... ஸ்ர்ர்ர்... வெறும் போசியில மொதப் பாலு விழுந்தா 'கிணிங்'னு ஒரு கூர்மை இருக்குமே... அது. அங்க போசி இல்ல. ஆளு இல்ல. காம்பு மட்டும் ஒண்ணு மாத்தி ஒண்ணு நீளுது, சுருங்குது. வெள்ளையா ஒரு சாண் வருது பாலு... அதுக்கு மேல காணோம். தரையில ஒரு சொட்டு இல்ல. போகப் போகச் சத்தம் மொத்தமாச்சு... நொரை கட்டுன போசி மாதிரி. நெறையுது.

ஓடிரலாம். காலு ஓடச் சொல்லுது. ஆனா அந்தப் பாலு கன்னுது. இன்னைக்கும் விட்டுட்டுப் போனா நாளைக்குக் கன்னு இல்ல.

கேக்கோணும். எப்பிடிக் கேக்கறது? அந்த ஊர்ல மொறை சொல்லாம யாரும் யாருகிட்டயும் ஒண்ணும் கேட்டதில்ல.

"ஆத்தா..." ன்னா. சத்தம் நிக்கல.

"அத்தை..." நிக்கல.

"அக்கா..." ஸ்ர்ர்ர்... ஸ்ர்ர்ர்...

அவளுக்கு அந்த மொழுகுன தரை மேல கண்ணு போச்சு. அந்தக் குட்டி வளைவு. மெதுவாக் கேட்டா,

"...அம்மிணி?"

நின்னுருச்சு.

காடே நின்ன மாதிரி. சிவப்பி தலையைத் திருப்புச்சு. அதோட மடிப் பக்கம் இல்ல. சசிரேகா இடுப்புக்கிட்ட பாத்துச்சு. தேங்கெண்ணெய் வாசம்... சின்னப் புள்ளைக தலையில வேர்வையோட கலந்து வருமே, அந்த வாசம். ரொம்பக் கிட்ட.

அவ குனியல. எதுத்தாப்புல மஞ்சைப் பாத்துக்கிட்டே பேசுனா. "அம்மிணி... நீ யாரு புள்ளைன்னு எனக்குத் தெரியாது சாமி. பசிச்சாக் குடிச்சுக்க. ஆனா எங்கூட்டுல கன்னு சாகக் கெடக்குது. பின் காம்பு ரெண்டையும் அதுக்கு விட்டுரு. முன் காம்பு ரெண்டும் நீ எடுத்துக்க. நான் தடுக்கல."

சித்த நேரத்துல சிவப்பி தானே நடக்க ஆரம்பிச்சுது. அவ மடியைப் பாத்தா... பின் காம்பு ரெண்டும் பொடைச்சுக்கிட்டு, நுனியில பாலு கட்டி நிக்குது.

வர்ற வழியில சிவப்பி ரெண்டு எடத்துல நின்னுச்சு. திரும்பிப் பாத்துச்சு. பின்னால வர்றவங்களுக்காகக் காத்திருக்கற மாதிரி. அப்பறம் நடந்துச்சு. சசிரேகா திரும்பவேயில்ல.

கன்னு அன்னிக்குக் குடிச்சுது பாருங்க... வாய் ஓரமெல்லாம் நொரை. குடிச்சுட்டு அங்கயே சுருண்டு தூங்குச்சு. சசிரேகா சாணி மேலயே ஒக்காந்து அழுதா.

அதுக்கப்பறம் சிவப்பி கைதவயலுக்குப் போறதில்ல. கயித்தை அவுத்து விட்டாலும் போறதில்ல. போக வேண்டிய அவசியமில்ல... நாலு மணிக்குக் கட்டுத்தறியிலயே சத்தம் வருது. ஜெஸிந்தாவும் கேட்டிருக்கா. இப்ப அவ அந்தப் பக்கம் வர்றதுன்னா ஜெபமாலையோடதான் வர்றா.

சந்துரு வித்துரலாம்ங்கறான். "புரோக்கரை வரச் சொல்லட்டா? பீடை போகட்டும்."

"விக்கலாங்க," ன்னா சசிரேகா. "மாடு போயிரும். அது போகோணுமே. அப்பறம் நாலு மணிக்கு அது யாருகிட்டப் பாலு கேக்கும்?"

அவன் புரோக்கரைக் கூப்புட எடுத்த போனைப் பையில போட்டுக்கிட்டான்.

போன வாரம் புஷ்பவல்லி போய்ப் பாத்துட்டு வந்து சொன்னா. கன்னு நல்லா வளந்துருச்சாம். சாயங்காலம் சத்தம் நின்னதும் எந்திரிச்சுப் போய், ஆளில்லாத எடத்துல நக்குமாம். கையை நக்கும்ல, உப்புக்கு... அந்த மாதிரி. காத்துலதான் நக்குது, ஆனா நாக்கு எது மேலயோ பட்டு மடங்குதாம். மொத மாசம் குனிஞ்சு நக்குச்சுன்னு சசிரேகா சொன்னாளாம். அப்பறம் நேரா நின்னு நக்குச்சு.

கன்னு இவ்வளவு வளந்தும், இப்ப கழுத்தை நல்லா அண்ணாந்து தூக்கி நக்குதாம்.