ஹெரன்ஸ் அரங்கின் தளம் காத்த தேவராசாவுக்கு

இந்தக் காலத்தில் ஒருவர் வேலையை விட்டுப் போகிற நாளில்தான் அவரிடம் நல்ல குணம் இருந்தது எல்லாருக்கும் தெரிய வருகிறது. இருபத்திரண்டு வருடமாக உங்களுக்கு ஒரு காலை வணக்கம் சொல்லாதவர்களும் இன்று கேக்கைச் சுற்றி நிற்கிறார்கள். அலுவலகத்து றஜீனா எழுதித் தந்த மடல் உங்களை இமயமலை என்றும் முழுநிலா என்றும் புகழ்ந்தது. இரண்டையும் வெட்டிவிட்டேன். மிச்சத்தை எனக்குத் தெரிந்தபடி வாசிக்கிறேன்.

துடைப்பமே துணையாக, தூய்மையே தொழிலாக, துளி நீரையும் துரத்திப் பிடித்த தூயவரே! பளபளக்கும் பலகைத் தளத்தின் பாதுகாவலரே! இந்த வரிகள் றஜீனாவுடையவை. உண்மை என்பதால் விட்டுவைத்தேன்.

வால்தம்ஸ்டோ ஹெரன்ஸ் கூடைப்பந்தணி இங்கே ஆடிய ஒவ்வொரு நாளும், காலையில் சப்பாத்தைக் கழற்றி, வெள்ளைக் காலுறையோடு தளம் முழுவதும் நடந்து, ஒவ்வொரு கோட்டிலும் நின்று உள்ளங்காலைத் திருப்பிப் பார்ப்பவர் நீங்கள். ஈரம் பார்க்கக் கருவி வாங்கித் தந்தார்கள். அதை மேசை லாச்சிக்குள் வைத்துப் பூட்டிவிட்டுக் காலுறையை மாட்டினீர்கள். எதிரணிக்காரர் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். ஆனால் இந்தப் பருவம் நம் தளத்தில் நடந்த பத்தொன்பது ஆட்டத்தில் ஒருவன்கூட வழுக்கி விழவில்லை. முதல் ஐந்து ஆட்டமும் தோற்ற அணி இறுதியாட்டம் வரைக்கும் வந்தது. பயிற்சியாளருக்கு மாலை போட்டார்கள். தளத்துக்கு யார் மாலை போடுவது?

இனி, றஜீனாவின் தாளில் இல்லாததைச் சொல்கிறேன்.

இறுதியாட்டத்து அன்று காலை, வடக்குக் கூடைக்குக் கீழே உங்கள் காலுறை நனைந்தது. “அண்ணை, இதிலை ஈரம் கிடக்கு” என்றீர்கள். எனக்குத் தேநீர் ஆறிக்கொண்டிருந்தது. “நான் இப்பதான் மொப் போட்டனான், அந்த ஈரம்தான்” என்றேன். அந்தப் பக்கம் நான் மொப் போடவே இல்லை. கூரையிலிருந்து சொட்டியிருக்கிறது. நீங்கள் என் சொல்லை நம்பினீர்கள்.

மாலையில் சனம் நிறைந்து அரங்கு சூடேற, கூரை மறுபடி சொட்டத் தொடங்கியது. மூன்று நிமிடம் மிச்சம், நாம் எட்டுப் புள்ளி முன்னுக்கு. எதிரணி தலையைத் தொங்கப் போட்டுவிட்டது. அந்த நேரம் பார்த்து நீங்கள் நடுவருக்குக் கையைத் தூக்கப் போனீர்கள்.

“வாயை மூடிக்கொண்டு இரும், தேவராசா. மூண்டு நிமிசம்தான் கிடக்கு.”

“எந்தச் சட்டை போட்டவன் விழுந்தாலும் முழங்கால் போனால் போனதுதான், அண்ணை.”

நடுவர் ஆட்டத்தை நிறுத்தினார். ஏணி வந்தது, துணி வந்தது. பதினெட்டு நிமிடம் சனம் கூச்சல் போட்டது. களைத்துப்போயிருந்த எதிரணி இளைப்பாறிவிட்டு வந்து தொடர்ந்து ஒன்பது புள்ளி எடுத்தது. கடைசி நொடியில் நம் பெடியன் எறிந்த பந்து வளையத்தைச் சுற்றிச் சுற்றி வந்து, யோசித்து, உள்ளே விழுந்ததால்தான் கோப்பை இங்கே நிற்கிறது. ஒரு புள்ளி!

கோப்பையை வென்ற பிறகும் மேலாளருக்குக் கோபம் அடங்கவில்லை. காலையில் தளம் சரி என்று சொன்னது யார் என்று கேட்டார். “நான்தான் பாத்தனான். பிழை என்ரை” என்றீர்கள். நான் பக்கத்தில் நின்றேன், வாய் திறக்கவில்லை. ஒரு கறுப்புப் புள்ளி இல்லாத உங்கள் கோப்பில், ஓய்வுக்கு ஆறு கிழமை இருக்கையில் எச்சரிக்கைக் கடிதம் ஏறியது.

பிழை என்னுடையது. இங்கே நிற்கும் அத்தனை பேரும் கேட்டுக்கொள்ளுங்கள்.

தேவராசா, இனி ஈரமோ காய்ச்சலோ உங்களை அண்டாமல், முழங்கால் நோகாமல், ஜெகதீஸ்வரியோடும் பிள்ளைகளோடும் நெடுங்காலம் நலமாக இருங்கள். ஆட்டத்தை நிறுத்தியது சரிதான் என்று எல்லாரும் சொல்கிறார்கள். எட்டுப் புள்ளி முன்னுக்கு நின்ற நேரம்! எனக்கு இன்னும் மனம் ஒப்பவில்லை.

இன்று காலை மேலாளரிடம் உண்மையைச் சொன்னேன். கடிதத்தைக் கிழித்துவிடுவதாகச் சிரித்துக்கொண்டு சொன்னார். சொல்வார்கள். மடலை உங்கள் கையில் தந்துவிட்டு நான் மேல்மாடிக்கு, மேலாளர் அறைக்குப் போகிறேன். கேக்கை வெட்டுங்கள். கிழித்த தாளைக் கண்ணால் காணாமல் நம்புகிற ஆள் நான் இல்லை.

ஆடுதளப் பணியாளர் அனைவர் சார்பிலும்,
செபமாலைமுத்து
ஹெரன்ஸ் அரங்கு, வால்தம்ஸ்டோ, லண்டன்