கோட்டுக்கு மேலை நிண்ட ஒயில்

ஐயா, நீங்கள் வாசிச்சதிலை ஒரு பிழை இருக்கு. "எஞ்சின் ஒயில் வற்றியதனால் இயந்திரம் இறுகி வாகனம் நின்றது" எண்டு எழுதியிருக்கிறீங்கள். அதை வெட்டிவிடுங்கோ. அந்தக் காரிலை ஒயில் வத்தேல்லை. என்ரை கையிலை இருந்த காலத்திலையும் வத்தினதில்லை, கை மாறின பிறகும் வத்தேல்லை. நீங்கள் மரண விசாரணை அதிகாரி, ஆக்களின்ரை சாவைப் பற்றித் தெரியும், காரைப் பற்றித் தெரியவேணும் எண்டில்லை. ஆனால் உந்தக் கடதாசி நாளைக்கு நாலு பேர் பாக்கிற கடதாசி. நீர்வேலிக் கதிரவேலு பாத்த கார் ஒயில் இல்லாமல் நிண்டது எண்டு கிடந்தால் ஊர் சிரிக்கும். மற்றதெல்லாம் ஒளிக்காமல் சொல்லுறன், எழுதுங்கோ.

செத்தது என்ரை தங்கச்சியின்ரை மகள் இராசமலர், வயித்துப்பிள்ளையோடை. கார் ஓட்டினது அவளின்ரை புருசன் கனகசபாபதி மாஸ்டர், பள்ளிக்கூடத்திலை படிப்பிக்கிறவர். அவரிலை ஒரு குற்றமும் இல்லை. பாவம், அவர் ஒவ்வொரு நாளும் காலமை ஒயில் பாத்தவர். நான் எப்பிடிப் பாக்கச் சொல்லிக் குடுத்தனோ, அப்பிடியே பாத்தவர்.

அந்த மொறிஸ் மைனர் காரை எங்கடை ஐயா, என்னைப் பெத்தவர், வாங்கேக்கை எனக்குப் பதினேழு வயது. ஐயாவுக்கு ஓடத் தெரியும், அவ்வளவுதான். பொனற்றைத் திறந்து உள்ளுக்கை கை வைச்சது நான். வாழைத்தோட்டத்துக்குப் போகச் சொன்னால் போகமாட்டன், காருக்குக் கீழை கிடப்பன். அதிலை படிச்ச வேலைதான் பிறகு எனக்குக் கார் திருத்துற கராச்சாய் வந்தது. சீவியம் முழுக்கச் சோறு போட்டது.

தங்கச்சி குணலட்சுமிக்குக் கலியாணம் பேசேக்கை வீடும் தோட்டமும் எண்டுதான் கதை. சீதனம் எழுதுற அண்டைக்கு மாப்பிள்ளை தம்பிராசாவின்ரை ஆக்கள் முத்தத்தைப் பாத்தினம். "உதிலை நிக்கிற காரும் சேர்த்தித்தானே" எண்டு கேட்டினம். ஐயா என்னைப் பாத்தார். நான் ஓம் எண்டன். பெட்டைக்குக் குடுக்கிறது எங்கடை வழக்கம், அதுக்கு ஆரோடை சண்டை பிடிக்கிறது? நெஞ்சு எரிஞ்சதுதான், இல்லையெண்டு சொல்லேல்லை. ஆனால் அடுத்த நாள் காலமை ஆறு மணிக்குத் துடைக்கிற துணியோடை தங்கச்சி வீட்டுக்குப் போய் ஒயில் பாத்தன். அதுக்கு அடுத்த நாளும் போனன். இருபத்தஞ்சு வருசம் போனன். தம்பிராசாவும் நல்ல மனிசன்தான், "மச்சான் பாத்தால் காணும், நான் பாக்கத் தேவையில்லை" எண்டு ஊர் முழுக்கச் சொல்லுவார்.

தொண்ணூறிலை சண்டையாலை பெற்றோல் வராமல் நிண்ட உடனை தம்பிராசா ஒருநாள் சொன்னார், "மச்சான், இந்தக் காலத்திலை கார் எனக்கு என்னத்துக்கு, உன்ரை பேருக்கு எழுதிவிடுறன்" எண்டு. தங்கச்சியும் பக்கத்திலை நிண்டவள். அவள் அடுத்த வருசம் செத்துப்போனாள். அதோடை அந்தக் கதையும் செத்துது. மலருக்குக் கலியாணம் வந்துது. சாப்பாட்டுப் பந்தியிலை எனக்குப் பக்கத்திலை இருந்தவன் பாயாசத்தைக் குடிச்சுக் குடிச்சுச் சொல்லுறான், "மாஸ்டருக்குக் காரும் குடுத்திருக்கினமாம், அதிட்டக்காரன்" எண்டு. அப்பிடித்தான் எனக்குத் தெரியும். எழுந்து கை கழுவிப்போட்டு வீட்டை வந்திட்டன். தனக்குத் தனக்கெண்டால் சுளகு படக்குப் படக்கெண்ணுமாம். தம்பிராசாவுக்கு மகள் எண்ட உடனை மச்சானுக்குக் குடுத்த வாக்கு மறந்துபோச்சு.

மாஸ்டர் மரியாதையான ஆள். கலியாணம் முடிஞ்சு ஒரு மாசத்தாலை என்னட்டைச் சொன்னார், "மாமா, நீங்கள் ஏன் விடியவிடிய வந்து மினைக்கெடுறீங்கள்? எப்பிடிப் பாக்கிறதெண்டு காட்டித்தாங்கோ, நானே பாக்கிறன்." நல்ல எண்ணத்திலைதான் சொன்னார். எனக்கு ஆரோ வீட்டுப் படலையைச் சாத்தினமாதிரி இருந்தது.

காட்டிக் குடுத்தன். கார் ஆறிக் கிடக்கேக்கை ஒயில் பாக்கிற கம்பியை இழுங்கோ. துணியாலை துடையுங்கோ. திரும்பக் கடைசிமட்டும் விட்டு இழுங்கோ. கம்பியிலை ரெண்டு கோடு இருக்கு. கீழ்க்கோட்டுக்குக் கீழை போனால் ஒயில் விடவேணும், மேல்கோட்டிலை நிண்டால் திறம். கொப்பியிலை எழுதினார் மனிசன், கம்பிக்குப் படமும் கீறினார். நான் சொன்னதிலை ஒரு சொல்லும் பிழையில்லை, எந்த மெக்கானிக்கையும் கேட்டுப் பாருங்கோ.

சொல்லாமல் விட்டது ஒண்டு இருக்கு. இப்ப எங்கடை கார் எல்லாம் ஓடுறது மண்ணெண்ணெயிலை. ஒரு சொட்டுப் பெற்றோல் விட்டு ஸ்ராட் பண்ணுறது, பிறகு மண்ணெண்ணெய். மண்ணெண்ணெய் முழுக்க எரியாது ஐயா. எரியாத மிச்சம் பிஸ்ரன் பக்கத்தாலை வழிஞ்சு அடியிலை நிக்கிற ஒயிலோடை சேரும். அப்ப என்ன நடக்கும்? ஒயில் குறையாது, கூடும். கம்பியை இழுத்தால் கோட்டிலை நிக்கும், கோட்டுக்கு மேலையும் நிக்கும். ஆனால் அது ஒயில் இல்லை, தண்ணி. இந்தக் காலத்திலை கோட்டைப் பாத்துப் பிரயோசனமில்லை. ரெண்டு விரலாலை உரசிப் பாக்கவேணும், மணந்து பாக்கவேணும். அதை நான் காட்டேல்லை. கேட்டிருந்தால் காட்டியிருப்பன். அவர் கேக்கேல்லை.

ஆறு மாசம் கழிச்சு கராச்சுக்கு வந்து பெருமையாய்ச் சொன்னார், "மாமா, ஒரு துளி குறையேல்லை. போன மாசத்தை விடக் கொஞ்சம் கூடத்தான் நிக்குது." நான் "உங்கடை கைராசி மாஸ்டர்" எண்டன். அவர் சந்தோசமாய்ப் போனார். அண்டைக்கு நான் தனிய இருந்து வயிறு நோகச் சிரிச்சன். எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படிச்சவன் பாட்டைக் கெடுத்தான் எண்டு சும்மாவே சொன்னவை? அதுக்குப் பிறகு மாசத்துக்கு ஒருக்கால் நானே கேப்பன், "ஒயில் எப்பிடி மாஸ்டர்?" எண்டு. அந்த மறுமொழியைக் கேக்க எனக்கு அவ்வளவு விருப்பம்.

என்னட்டை ஒரு கலன் நல்ல ஒயில் இருந்தது, சீல் உடைக்காத ரின். சாமான் வந்த காலத்திலை வாங்கினது. கராச்சுக்குப் பின்னாலை வாழைச்சருகுக்குக் கீழை புதைச்சு வைச்சிருந்தன். எத்தினை பேர் வந்து கெஞ்சினவை, குடுக்கேல்லை. அது அந்தக் காருக்கு எண்டு வைச்சது. என்ரை எண்ணம் இவ்வளவுதான்: ஒருநாள் எஞ்சின் இறுகும், மாஸ்டர் கையை விரிப்பார், "மாமா, இந்த இரும்பைக் கொண்டு போங்கோ" எண்டுவார். நான் இறக்கிப் பூட்டுவன். எஞ்சினைத் திருத்தலாம் ஐயா. மனிசரிலை எனக்கு ஒரு கோபமும் இருக்கேல்லை, மலரிலை இருக்கவே இல்லை. நான் தூக்கி வளத்த பிள்ளை. தாய்மாமன் எண்டு காதுகுத்துக்கு மடியிலை வைச்சிருந்தது நான்தான்.

இனி அண்டையான் கதை. ஆவணி மாசம், காலமை பத்து மணி. கார் கராச்சு வாசலிலை வந்து நிண்டது. பின்சீற்றிலை மலர் சாய்ஞ்சு கிடக்கிறாள். நாள் இருக்கத்தக்கதாய்ப் பிள்ளைப்பேற்று நோக் கண்டிட்டுது, சீலையிலை இரத்தம். துணைக்கு ஒரு பொம்பிளை இல்லை. தாய் இல்லை, மருத்துவிச்சி வேறை ஒரு வீட்டிலை. மாஸ்டர் இறங்கி ஓடி வந்தார். "மாமா, நான் காலமை பாத்தனான், கோட்டுக்கு மேலை நிக்குது. எண்டாலும் நீங்கள் ஒருக்காப் பாருங்கோ. மாமா பாக்காமல் போகமாட்டன் எண்டு இவ அழுகிறா."

பாத்தன். எனக்குக் கன நாளுக்குப் பிறகு அந்தப் பொனற்றைத் திறக்கக் கிடைச்சுது. கம்பியை இழுத்தால் மேல்கோட்டுக்கு மேலை ஒரு விரல்கடை. உரசிப் பாத்தன், விரலிலை ஒண்டும் ஒட்டேல்லை. மணந்து பாத்தன், மண்ணெண்ணெய்க் குப்பிவிளக்கு மணந்தது. நல்ல ஒயில் இருபது அடி தள்ளிக் கிடக்கு. மாத்திவிட ஒரு கால் மணித்தியாலம் காணும்.

யோசிச்சன். யாழ்ப்பாணம் பெரியாசுபத்திரி ஆறு கட்டை, ஆறு மைல். அது வரைக்கும் எஞ்சின் தாங்கும். தாங்கினால் பிள்ளையைப் பெத்துக்கொண்டு அதே காரிலை வந்து இறங்குவினம், மாஸ்டர் திரும்பவும் "ஒரு துளி குறையேல்லை மாமா" எண்டுவார். மந்திகை ஆசுபத்திரி பதினொரு கட்டை. நடுவிலை வல்லை வெளி, வீடு வாசல் ஒண்டும் இல்லை. அந்த வெளியை இந்த எஞ்சின் தாண்டாது எண்டு எனக்கு உறுதியாய்த் தெரியும்.

"ஒயில் நிறைய இருக்கு" எண்டன். "ஆனால் பெரியாசுபத்திரிப் பக்கம் குண்டு போடுற பொம்மர் சுத்துதாம். மந்திகைக்கு விடுங்கோ. வேகமாய் விடுங்கோ."

"மாமா பாத்திட்டார், இனிப் பயமில்லை" எண்டாள் மலர். நான் யன்னலுக்குள்ளாலை அவளின்ரை தலையைத் தடவிவிட்டன்.

பொம்மர் சுத்துதெண்டு ஆர் சொன்னது எண்டு கேக்கிறீங்கள். ஒருத்தரும் சொல்லேல்லை. அண்டைக்கு வானம் வெறுமையாய்க் கிடந்தது.

அரை மணித்தியாலம் பொறுத்து, ரின்னைத் தோண்டி எடுத்து, சாமான் எல்லாத்தையும் சைக்கிள் கரியரிலை கட்டிக்கொண்டு நானும் வெளிக்கிட்டன். கார் வல்லை வெளியிலை அனாதையாய் நிக்கும், ஆரும் ரயரைக் கழட்டிக்கொண்டு போவாங்கள் எண்டு மனம் கேக்கேல்லை. நினைச்ச இடத்திலைதான் நிண்டது. முனியப்பர் கோயிலைத் தாண்டி, பாலத்துக்கு இஞ்சாலை. மாஸ்டர் வாகனம் பிடிக்க நெல்லியடிப் பக்கம் ஓடியிட்டார். மலர் பின்சீற்றிலை. கதவு திறந்தபடி கிடந்தது, வெளியிலை கொள்ளி வெயில். என்னைக் கண்டவுடனை "மாமா வந்திட்டீங்கள்" எண்டு சிரிச்சாள்.

நான் பொனற்றைத் திறந்தன். எஞ்சின் கொதிச்சுக்கொண்டு நிண்டது. கீழை படுத்து ஒயில் இறக்கிற அடைப்பைக் கழட்டினன். கறுத்தத் தண்ணி பாய்ஞ்சு தார் ரோட்டிலை ஓடிச்சுது. நான் நினைச்ச மாதிரித்தானே எண்டு எனக்கு ஒரு திருப்தி.

பிலிப்பு எண்ட மீன்காரர் நேற்று உங்களிட்டைச் சொன்னது சரி. பருத்தித்துறையிலையிருந்து மீன்பெட்டியோடை சைக்கிளிலை வந்தவர், கண்டிட்டு நிப்பாட்டினவர். "அண்ணை, பிள்ளை முனகுது. நான் பெட்டியை இறக்கிறன், கரியரிலை இருத்துவம், நீங்கள் பிடியுங்கோ, உருட்டிக்கொண்டு எண்டாலும் போவம்" எண்டவர். நான் "பிள்ளையை ஏத்த ஒரு வான் வருகுது, நீங்கள் போங்கோ" எண்டன். "பிள்ளையைப் பாருங்கோ அண்ணை, காரை விட்டிட்டு" எண்டு ரெண்டுதரம் சொன்னார். எனக்கு எரிச்சல் வந்தது. ஒரு வேலையை நடுவிலை விட்டிட்டு எழும்பேலாது எண்டு அவருக்கு விளங்காது. வான் வருகுதெண்டு எனக்குத் தெரியாது, அதையும் எழுதுங்கோ.

அவர் போன பிறகு அடைப்பைப் பூட்டி ரின்னை உடைச்சன். புனலை வைச்சு ஆறுதலாய் விட்டன், தேன் இறங்கிறமாதிரி இறங்கிச்சுது. ஒயில் அடிக்குப் போகக் கொஞ்சம் நேரம் குடுக்கவேணும். குடுத்தன். கம்பியைத் துடைச்சு விட்டு இழுத்துப் பாத்தன். மேல்கோட்டிலை சரியாய் நிண்டது, மயிரிழை கூடவும் இல்லை, குறையவும் இல்லை. கண் கலங்கிப்போச்சு ஐயா. மூண்டு வருசத்துக்குப் பிறகு அந்தக் காருக்குள்ளை நல்ல ஒயில்.

நீங்கள் கம்பியை இழுத்துப் பாருங்கோ, இப்பவும் கோட்டிலை நிக்கும். அதுதான் ஒயில் வத்தினது எண்டு எழுதவேண்டாம் எண்டு சொன்னனான்.

மலரோ? "மாமா, தண்ணி" எண்டு கேட்டவள். மூண்டு நாலுதரம் கேட்டவள். "பொறு பிள்ளை, சூடு ஆறட்டும்" எண்டன். பிறகு கேக்கேல்லை. மாஸ்டர் ஒரு ட்ராக்டரோடை வந்து சேர ஒரு மணி தாண்டிப்போச்சு. அவர் கத்தினதை நீங்கள் என்னட்டைக் கேக்கத் தேவையில்லை.

தண்ணி என்னட்டை இருந்ததோ எண்டு கேக்கிறீங்கள். ஓம், இருந்தது. ஒரு பிளாஸ்ரிக் கான் நிறைய, நல்ல கிணத்துத் தண்ணி. அது ரேடியேற்றருக்கு எண்டு கொண்டுபோனது ஐயா.