மீட்டர் யாருடையது

எழுபதுகளின் கடைசியில் ஒரு மாலை. கோலா தெர்லா ஊருக்கு மலையேறும் பஸ்ஸுக்கு வெளியே தேயிலைச் சரிவுகள் பனியில் கரைந்துகொண்டிருந்தன. எனக்கு முன்சீட்டில், பிரிஞ்சாங்கில் சாப்பாட்டுக் கடை நடத்தும் பாய், மலாய்ப் பேச்சின் 'லா'வைச் சேர்த்துச் சொன்னார்: "மேல்வீட்டுக்காரரு நேத்து என் கையப் புடிச்சுக்கிட்டுத்தான் படி ஏறினாரு லா."

மடியில் முட்டைக்கோஸ் பையோடு இருந்த எஸ்டேட் அம்மாள் திரும்பினாள்.

"யாரு, கட்டடத்துச் சொந்தக்காரரா? கரண்ட வெட்டிட்டாருன்னு கோர்ட்டுக்குப் போனீங்களே, அவரா?"

"அவரேதான். என்னையக் காலி பண்ண வைக்க கடை வயர வெட்டினாரு. படிக்கட்டு விளக்கும் என் மீட்டர்லதான் எரியுதுன்னு மறந்துட்டாரு. இப்ப கடையும் இருட்டு, அவரு படியும் இருட்டு."

"அப்புறம்?"

"பொழுது சாய பனி உள்ள வந்துருச்சு, படியே தெரியல. 'பாய், பாய்'னு கூப்பிட்டாரு. மண்ணெண்ணெ விளக்கோட போனேன். ரெண்டு பேரும் மேகத்துக்குள்ள நடக்கிற மாதிரி மெதுவா ஏறினோம்."

"தடுமாறட்டும்னு விட வேண்டியதுதானே பாய்?"

பாய் சன்னல் கண்ணாடியை விரலால் துடைத்தார். அந்தப் பக்கமும் வெள்ளையாகத்தான் இருந்தது.

"விழுந்து கிழுந்து போய்ச் சேந்துட்டா, அடுத்த வாரம் கோர்ட்டுல நான் யாரோட லா சண்டை போடறது?"