ஹால்வரின் மகன்

பார்க் மெட்ரோ நிலையத்திலிருந்து புறப்பட்ட பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். இளையவளின் மடியில் கம்பளித் தொப்பியோடு ஒரு கைக்குழந்தை.

“ஆரடி அந்த ஹால்வர்?” என்று மூத்தவள் கேட்டதும் நான் ஃபோனைப் பைக்குள் வைத்துவிட்டேன்.

“எனக்கும் தெரியாது, மச்சாள்.”

“ஒஸ்லோவில இருக்கிற சித்தி விழுந்து விழுந்து சிரிக்கிறா. நீ பிள்ளைக்கு வைச்ச ஹால்வர்சன் எண்டா ஹால்வரின்ர மகன் எண்டு அர்த்தமாம். அங்கயே அது குடும்பப் பேராம். பிள்ளையைக் கூப்பிடுற பேரா வைக்கிறது அபூர்வமாம்.”

“அர்த்தம் தெரிஞ்சுதான் வைச்சனான்.”

“பேருக்குப் பின்னால என்ர தம்பியின்ர பேரெல்லோ வரவேணும்? அதுதானே எங்கட வழக்கம்.”

“அப்பான்ர பேர் வேணும் எண்டுதானே எல்லாரும் ஒற்றைக்காலில நிண்டனீங்கள்? இந்தப் பேருக்குள்ளயே ஒரு அப்பா இருக்கிறார். இன்னொருத்தர் தேவையில்லை.”

“நாளைக்குத் தம்பி திரும்பி வந்தா?”

“ஹால்வர் எண்டா பாறையைக் காவல் காக்கிறவர் எண்டு அர்த்தம், மச்சாள். உங்கட தம்பி பனி கொட்டேக்க இறங்கிப் போனவர். கதவைக்கூடச் சாத்தேல்லை. நான்தான் வயித்துப் பிள்ளையோட எழும்பிப் போய்ச் சாத்தினனான்.”